கணக்குப் போட்டவர் பெயர்

ஏழாம் வகுப்பு படிக்கும் என் பேத்தி சென்ற வாரம் பள்ளி நூலகத்திலிருந்து ஒரு புத்தகம் கொண்டுவந்தாள். விண்வெளியை ஆராய்ந்த பெண்களின் கதைகள். பக்கத்துக்கு ஒரு வண்ணப்படம். கரோலின் ஹெர்ஷல், வேரா ரூபின், தெரெஷ்கோவா, நம் கல்பனா சாவ்லா.

"உங்க காலத்திலயும் இந்த மாதிரி புத்தகம் இருந்ததா தாத்தா?" என்றாள்.

இருந்தது. பிரெஞ்சுப் பள்ளியில் வருடக் கடைசியில் 'ப்ரீ' கொடுப்பார்கள் அல்லவா? எனக்கு ஒருமுறை சிவப்பு அட்டை போட்ட விஞ்ஞானிகள் வரலாறு கிடைத்தது. கொப்பர்னிக், கலிலே, நியூட்டன், லெ வெர்ரியே எல்லோரும் இருந்தார்கள். வானியல் பகுதியில் ஒரு பெண்கூட இல்லை. அன்று அது எனக்குக் குறையாகவே படவில்லை.

நம்மூர்க்காரர்களுக்கு லெ ஜான்தி கதை தெரிந்திருக்கும். சூரியனை வெள்ளி கடப்பதைப் பார்க்கப் பிரான்சிலிருந்து கிளம்பினார். 1761இல் புதுச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டதால் கரையிறங்க முடியாமல் நடுக்கடலில் மாட்டிக்கொண்டார். அடுத்த வாய்ப்புக்காக எட்டு வருடம் காத்திருந்து, இங்கேயே ஆய்வுக்கூடம் கட்டினார். 1769 ஜூன் 4 காலை மேகம் மறைத்துவிட்டது. ஊர் திரும்பினால், அவர் இறந்துவிட்டார் என்று சொத்தைப் பங்கு போட ஆரம்பித்திருந்தார்கள்! குழந்தைகளுக்குச் சொல்ல நல்ல கதைதான்.

ஆனால் அதே காலத்தில் பாரீசில் மேசையை விட்டு எழாமல் கணக்குப் போட்ட ஒரு பெண்மணியின் கதையைத்தான் பேத்திக்குச் சொன்னேன். பெயர் நிக்கோல் ரேன் லெப்போத். 1723இல் பிறந்தவர். கணவர் அரச கடிகாரத் தொழிலாளர். 1755இல் அவர் வெளியிட்ட கடிகார நூலுக்கு, ஊசலின் நீளத்துக்கும் ஆட்டத்துக்கும் உள்ள கணக்கை அட்டவணையாகப் போட்டுக் கொடுத்தவர் இந்த அம்மாள்.

1682இல் வந்த வால்நட்சத்திரம் 1758 வாக்கில் திரும்பும் என்று ஹாலி சொல்லிவிட்டு 1742இல் காலமாகிவிட்டார். சரியாக எப்போது? வியாழனும் சனியும் வழியில் அதை இழுக்கின்றன. எவ்வளவு இழுக்கின்றன என்று தெரிந்தால்தான் தேதி கிடைக்கும். கிளேரோ என்ற கணித மேதை வழிமுறையை வகுத்தார். எண்களைப் போட்டவர்கள் லலாந்த் என்ற வானியலாளரும் லெப்போத் அம்மாளும். 150 வருடத்துக்கு, பாகை பாகையாக, இரண்டு கோள்களும் வால்நட்சத்திரத்திலிருந்து எவ்வளவு தூரம் என்று கணக்கிட வேண்டும். ஆறு மாதத்துக்கு மேல், காலையிலிருந்து இரவு வரை, சில நாள் சாப்பாட்டு வேளையிலும்கூட. இந்த அம்மாள் இல்லாவிட்டால் அந்த வேலையில் இறங்கவே துணிந்திருக்க மாட்டோம் என்று லலாந்த் பிற்பாடு எழுதினார்.

வியாழனால் 518 நாள், சனியால் 100 நாள் தாமதம் என்று விடை வந்தது. 1759 ஏப்ரல் நடுவில் சூரியனை நெருங்கும், ஒரு மாதம் முன்பின் ஆகலாம் என்று 1758 நவம்பரில் கிளேரோ அறிவித்தார். அது நெருங்கியது 1759 மார்ச் 13. காகிதமும் பேனாவும் மட்டும் வைத்துப் போட்ட கணக்கு!

1760இல் கிளேரோவின் புத்தகம் வந்தது. அதில் லெப்போத் அம்மாளுக்கு நன்றி சொன்ன வரிகளை அவர் எடுத்துவிட்டார். அம்மாளின் பெருமை பொறுக்காத வேறொரு பெண்ணைத் திருப்திப்படுத்தவே அப்படிச் செய்தார் என்கிறார் லலாந்த். அம்மாள் வேலையை நிறுத்தவில்லை. லலாந்த் பொறுப்பிலிருந்த ஆண்டு வானியல் பஞ்சாங்கத்துக்குப் பல வருடம் கணக்குப் போட்டார். 1764 ஏப்ரல் 1 கங்கண கிரகணத்துக்கு ஐரோப்பா முழுவதற்கும் வரைபடம் தயாரித்தார். கடைசிக் காலத்தில் நோயுற்ற கணவரைக் கவனித்துக்கொண்டே 1788இல் கண்மூடினார். இன்று நிலவில் ஒரு பள்ளத்துக்கு அவர் பெயர் இருக்கிறது.

"பெயரை எடுத்தது தப்பில்லையா தாத்தா?" என்று பேத்தி கேட்டாள். "தப்புதான்" என்றேன். அதற்கு மேல் பேச்சு வரவில்லை.

வேலையிலிருந்த காலத்தில் ஒரு சம்பளக் குழு நிலுவைக் கணக்கு. என் பிரிவில் இருந்த ஒரு எழுத்தர் அம்மாள்தான் மூன்று மாதம் ஃபாசிட் மெஷினைச் சுழற்றிச் சுழற்றி அத்தனை பேருடைய கணக்கையும் போட்டார். அனுப்பும் நாளில் அவர் விடுப்பு. 'தயாரித்தவர்' என்ற இடத்தில் நானே கையெழுத்துப் போட்டேன். அவர் வரும் வரை ஒரு நாள் காத்திருந்திருக்கலாம். பாராட்டுக் கடிதம் என் பெயருக்கு வந்தது. அதை அவரிடம் காட்டவும் இல்லை, மேலிடத்தில் திருத்திச் சொல்லவும் இல்லை. அவரும் கேட்கவில்லை. மறுநாள் வழக்கம்போல எனக்கும் சேர்த்துக் காபி வாங்கி வரச் சொன்னார்.

அவர் காலமாகி ஆறு வருடமாகிறது. அவர் பெயரை இங்கே எழுத வேண்டும் என்றுதான் உட்கார்ந்தேன். வீட்டாரைக் கேட்காமல் எழுதுவது முறையில்லை. அவர் மகன் முத்தியால்பேட்டையில் இருக்கிறார். கடிதம் இன்னும் என் பெட்டியில்தான் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை எடுத்துக்கொண்டு போகிறேன்.