தென்வானத்து விண்முகிலும் மூன்று தலைமுறையும்

சித்திரை மாதத்து முன்னிரவில், வானம் மப்பின்றித் தெளிந்திருக்கும் வேளையில், கற்பிட்டி மணலிலோ உடப்புக் கடற்கரையிலோ நின்று தெற்கே நோக்குவோர்க்கு ஓர் அரிய காட்சி கிடைக்கும். வலப்புறத்தே, நம் முன்னோர் அகத்தியர் எனப் போற்றிய விண்மீன் அடிவானை நோக்கிச் சாய்ந்துகொண்டிருக்கும். இடப்புறத்தே தென்சிலுவை எழுந்து நிற்கும். அச்சிலுவைக்குச் சற்று வலப்பக்கமாக, பால்வீதியின் நடுவே, வெண்புகைத் திட்டு ஒன்று மங்கலாகத் தோன்றும். அது மழைமுகில் அன்று, காற்றிற்குக் கலைவதுமில்லை. மேலைநாட்டார் நெபுலா என்று வழங்கும் விண்முகில்களுள் மிகப் பெரியனவற்றுள் ஒன்றாகிய கரீனா விண்முகிலே அது. அதனைக் கண்டவர், வரைந்தவர், அதன்பொருட்டு வழக்காடியவர் ஆகியோரின் வரலாறே இன்றைய பேச்சின் பொருளாகும்.

விண்முகில்களைப் பற்றிய பழைய குறிப்புகள் பெரும்பாலும் வடவானத்தைச் சார்ந்தவை. பாரசீக வானநூலறிஞர் அல் சூபி 964ஆம் ஆண்டில் எழுதிய நூலில் அந்திரோமெடாக் கூட்டத்திலுள்ள சிறு முகிலைக் குறித்துவைத்தார். அது விண்முகிலன்று, நமது பால்வீதியைப் போன்ற மற்றொரு விண்மீன் மண்டலமே என்பதை 1920களில் ஹபிள் நிறுவினார். ஓரையன் என்னும் வேட்டைக்காரனின் வாளிலுள்ள முகிலை 1610இல் பெயிரெஸ்க் என்ற பிரெஞ்சுக்காரர் தொலைகாட்டியிற் கண்டார். வால்வெள்ளிகளைத் தேடித் திரிந்த மெசியே என்பவரோ, இத்தகைய முகில்களை வால்வெள்ளியென மயங்காதிருக்கும் பொருட்டு ஒரு பட்டியலே வகுத்தார். 1781இல் வெளிவந்த அதன் நிறைவுப் பதிப்பில் 103 பொருள்கள் இடம்பெற்றன. வில்லியம் ஹேர்ஷலும் அவர்தம் தங்கை கரோலினும் இங்கிலாந்திலிருந்து தேடி, ஏறத்தாழ 2500 முகில்களையும் விண்மீன் கொத்துகளையும் கணக்கெடுத்தனர்.

எனினும் இவர்களுள் எவரும் கரீனா முகிலைத் தம் நாட்டிலிருந்து கண்டாரில்லை. காரணம் எளிது. வட அகலக்கோடு 30 பாகைக்கு அப்பால் வாழ்வோர்க்கு அம்முகில் அடிவானத்திற்கு மேல் எழுவதேயில்லை. நமது புத்தளமோ ஏறத்தாழ 8 பாகையில் உள்ளது. ஆதலின் இங்கே அது அடிவானிலிருந்து 22 பாகை உயரம் வரை எழுகின்றது. பெரிய தொலைகாட்டிகள் படைத்தோர்க்குக் கிட்டாத காட்சி, வலை வளைக்கும் நம் கரையோர மக்களுக்குக் கண்ணெதிரே கிடந்தது.

அதனை முதலில் ஏட்டிற் பதிந்தவர் லக்காய் என்ற பிரெஞ்சுத் துறவியார். அவர் ஆபிரிக்காவின் தென்கோடியிலுள்ள நன்னம்பிக்கை முனைக்குச் சென்று, 1751, 1752ஆம் ஆண்டுகளில் தென்வானத்தை அளந்தார். அரை அங்குலக் கண்ணாடியுடைய சிறு தொலைகாட்டியே அவர் கருவி. அதனைக் கொண்டே 42 முகிலுருக்களைப் பட்டியலிட்டார். ஆர்கோ என்ற பழைய கப்பல் வடிவக் கூட்டத்தைப் பகுத்தவரும் அவரே. அதன் ஒரு பகுதி கரீனா, அதாவது கப்பலின் அடிமரமாகிய ஏரா எனப் பெயர் பெற்றது.

தந்தை வில்லியம் தொடங்கிய பணியை நிறைவு செய்யும் எண்ணத்துடன் மகன் ஜோன் ஹேர்ஷல் 1834இல் அதே முனைக்குக் குடும்பத்துடன் சென்றார். இருபது அடி நீளமுள்ள தொலைகாட்டியைத் தோட்டத்தில் நிறுத்தி, நான்காண்டுகள் தென்வானத்தை ஆராய்ந்தார். கரீனா முகிலை வரைவதில் அவர் பட்ட பாடு பெரிது. முகிலினூடே காணப்பட்ட 1200க்கு மேற்பட்ட விண்மீன்களின் இடங்களை முதலில் அளந்து குறித்தார். அவற்றைச் சட்டகமாகக் கொண்டே முகிலின் வடிவை வரைந்தார். அம்முகிலின் நடுவே ஈற்றா என்னும் விண்மீன் உண்டு. 1837 டிசம்பரில் அது திடீரெனப் பேரொளி கொண்டதை அவர் கண்டார். 1843இல் அது அகத்தியரையும் விஞ்சி, வானத்து விண்மீன்களுள் சிரியசிற்கு அடுத்த இடத்தை எய்திற்று. பின்னர் மெல்ல மங்கலாயிற்று.

வழக்கு இதன் பின்னரே எழுந்தது. 1860களின் தொடக்கத்தில், தஸ்மேனியாத் தீவிலே கடிகாரத் தொழில் செய்துவந்த பிரான்சிஸ் அபொட் என்பவர், முகிலின் வடிவம் ஹேர்ஷல் வரைந்தபடி இல்லை, மாறிவிட்டது என்று அறிவித்தார். 1864இல் சென்னையிலிருந்து பவல் என்பவரும் அம்முகிலைப் பற்றிக் குறிப்பொன்று வெளியிட்டார். இவர் சென்னை மாகாணக் கல்லூரியின் முதலாவது முதல்வர். பகலிற் கல்விப்பணியும் இரவில் வானாராய்ச்சியும் செய்த ஒருவரை எம் போன்ற ஆசிரியர்கள் சற்றுப் பெருமையுடன் நினைத்துக்கொள்ளலாம்.

இவ்வழக்குச் சிறியதன்று. அத்துணைப் பெரிய முகில் முப்பதாண்டுகளில் உருமாறுமாயின், அதன் தொலைவு, பருமன், இயல்பு ஆகியவற்றைப் பற்றி அறிஞர் கொண்டிருந்த எண்ணமெல்லாம் தகர்ந்துவிடும். மாறவில்லையெனின், பார்த்தவர் கண்ணே பிழைத்தது என்றாகும். முதுமையடைந்த ஜோன் ஹேர்ஷலோ இங்கிலாந்தில் இருந்தார். அம்முகிலை மீண்டும் காண்பதற்கு அவருக்கு வழியில்லை.

அவர்தம் மகனுக்கு வழியிருந்தது. தந்தையின் பெயரையே தாங்கிய அம்மகன், அந்த விண்மீன் ஒளிபெருகிய அதே 1837ஆம் ஆண்டில், நன்னம்பிக்கை முனையிலேயே பிறந்தவர். பின்னர் இந்திய நில அளவைப் பணியில் அமர்ந்தவர். 1868இன் முழுச் சூரிய கிரகணத்தை ஆராய்வதற்காக இலண்டன் அரச கழகம் அவருக்கு ஐந்து அங்குலத் தொலைகாட்டி ஒன்றையும், ஒளியைப் பகுத்துக்காட்டும் நிறமாலைகாட்டி ஒன்றையும் அனுப்பியிருந்தது. அவர் அவற்றைப் பெங்களூரில் தென்வானத்து முகில்களின்பாலும் திருப்பினார். தந்தை குறித்த விண்மீன்களையே அடையாளமாகக் கொண்டு முகிலின் எல்லைகளை ஒப்பிட்டார். வடிவம் மாறவில்லை என்பதே அவர் கண்ட முடிவு. நிறமாலையும் ஒரு செய்தி சொல்லிற்று. ஒளிக்கோடுகள் தனித்தனியே நின்றமையால், அது விண்மீன் திரளன்று, ஒளிரும் வாயு என்பது தெளிவாயிற்று. விண்முகில்களுட் சில வாயுவே என்பதை 1864இல் ஹகின்ஸ் வடவானத்து முகிலொன்றிற் கண்டறிந்திருந்தார். அவ்வுண்மை தென்வானத்திற்கும் பொருந்திற்று.

அவ்வாறாயின் அபொட் பொய்யுரைத்தாரோ? இல்லை. கண்ணைப் பறிக்கும் விண்மீன் நடுவில் நிற்கும்போது அதன் அருகிலுள்ள மெல்லிய புகை மறைவதும், அது மங்கியபின் அப்புகை துலங்குவதும் இயல்பே. கருவி சிறிதாயினும், வானம் கலங்கினாலும், வரைபவர் கை வேறாயினும் தோற்றம் வேறுபடும். பின்னாளிற் புகைப்படக்கலை வளர்ந்து, கையால் வரைந்த படங்களுக்கிடையிலான பூசலை ஓயச் செய்தது.

உண்மையில் மாறியது முகிலன்று, ஈற்றா விண்மீனே. அது சூரியனிலும் ஏறத்தாழ நூறு மடங்கு பொருண்மை கொண்டது. ஏறக்குறைய 7500 ஒளியாண்டுத் தொலைவில் உள்ளது. அக்காலத்தில் அது வீசியெறிந்த பொருள், இரு குமிழிகளாக இன்றும் விரிந்துகொண்டிருப்பதை ஹபிள் விண்தொலைகாட்டி படமெடுத்துக் காட்டியுள்ளது. 2022இல் ஜேம்ஸ் வெப் தொலைகாட்டி உலகிற்கு அளித்த முதற்படங்களுள் ஒன்றும் இந்தக் கரீனா முகிலின் ஓர் ஓரமே.

நேயர்களே, இவ்வரலாற்றில் உண்மையைக் காத்தது பெருங்கருவி ஒன்று மட்டுமன்று. இன்ன நாளில், இன்ன கருவியால், இன்ன விண்மீனுக்கு இப்பக்கத்தில் கண்டேன் என்று ஒருவர் பொறுமையுடன் எழுதிவைத்த குறிப்பே அதனைக் காத்தது. முப்பதாண்டு கழித்து, வேறொரு நாட்டில், வேறொரு கண் அதனோடு ஒப்பிட்டுப் பார்க்க முடிந்ததும் அக்குறிப்பினாலேயே. நம் கரையோரத்தில் எத்துணையோ தலைமுறையினர் அந்த வெண்திட்டைக் கண்டிருப்பர். கண்டதை எழுதிவைக்கும் பழக்கம் இனியேனும் நம் மாணவரிடையே வேரூன்றுதல் வேண்டும். விளக்கொளி குன்றிய கரையும், நிலவில்லாத இரவும், ஒரு சாதாரண இருகண் தொலைகாட்டியும், ஒரு கொப்பியும் போதும். எழுதுவோர் நாளையும் நேரத்தையும் முதலிற் குறித்துக்கொள்வாராக.