பிரேசில்: புறக்கணிக்கப்பட்ட நிலமா, பண்டகசாலைக் கரையா?

பெத்ரோ அல்வாரெஸ் கப்ராலின் கப்பல்கள் பிரேசில் கரையைக் கண்டது 1500 ஏப்ரல் 22இல். குடியேற்றும் நோக்கத்தோடு மார்ட்டிம் அஃபோன்சோ டி சௌசா லிஸ்பனை விட்டுக் கிளம்பியதோ 1530 டிசம்பரில். இடைப்பட்ட முப்பது ஆண்டுகளைப் புறக்கணிப்புக் காலம் என்று வரலாற்று நூல்கள் பலவும் குறிக்கின்றன. அந்தச் சொல் பொருந்தாது என்பது என் வாதம். போர்ச்சுக்கல் அந்நிலத்தை மறந்திருக்கவில்லை. கினியிலும் மலபாரிலும் பழகிய பண்டகசாலை வணிகத்தின் கண்ணோடு அதைப் பார்த்தது. அந்தப் பார்வைக்கு வேண்டியது துறைமுகமும் சரக்கும்தான், மண் அல்ல.

கப்ராலின் கடற்படை இந்தியாவுக்குப் போய்க்கொண்டிருந்த படை. அதில் இருந்த பேரோ வாஸ் டி காமின்ஹா கோழிக்கோட்டில் அமையவிருந்த பண்டகசாலைக்கு எழுத்தராக நியமிக்கப்பட்டவர். மே 1 அன்று மன்னர் மானுவேலுக்கு அவர் எழுதிய கடிதத்தில், பொன்னோ வெள்ளியோ உண்டா என்று அறிய முடியவில்லை என்கிறார். கோழிக்கோட்டுப் பயணத்துக்குத் தங்குமிடமாக இருந்தாலே இந்நிலம் போதும் என்றும் சொல்கிறார். புதிய நிலத்தின் மதிப்பு பழைய பயணத்தின் தேவையால் அளக்கப்பட்டது. நாட்டின் பெயரே இதற்கு இன்னொரு சான்று. நாம் பதிமுகம் என்று அறியும் ஆசிய மரத்தின் சிவப்புச் சாயக்கட்டை, அமெரிக்கா அறியப்படுவதற்கு வெகுகாலம் முன்பே ஐரோப்பியச் சந்தையில் 'பிரேசில்' என்று விற்கப்பட்டது. அதன் இனத்து மரம் இக்கரையில் கிடைத்ததும், சிலுவையின் நினைவாகக் கப்ரால் இட்ட 'வேரா குரூஸ்' என்ற பெயர் மறைந்து, சரக்கின் பெயர் நாட்டுக்கு நிலைத்தது.

1502இல் ஃபெர்னோ டி லொரோன்யாவின் வணிகக் குழுவுக்கு அரசு இக்கரையைக் குத்தகைக்கு விட்டது. ஆண்டுக்கு ஆறு கப்பல் அனுப்புவது, 300 லீக் புதிய கரையை ஆராய்வது, கோட்டை ஒன்று கட்டுவது ஆகியவை நிபந்தனைகள். புறக்கணித்த நிலத்துக்கு இத்தனை நிபந்தனை எதற்கு? 1511இல் காபோ ஃப்ரியோவுக்குச் சென்ற 'பிரெத்தோவா' கப்பலின் ஏடு இன்னும் துல்லியமானது: ஏறத்தாழ 5,000 மரத்துண்டுகள், கிளிகள், முப்பதுக்கும் மேற்பட்ட அடிமைகள். மரத்தை வெட்டிக் கரைவரை சுமந்தவர்கள் அக்கரையில் வாழ்ந்த துப்பி மக்கள். கைம்மாறாகக் கோடரியும் கத்தியும் பெற்றார்கள். அவர்களைத் துன்புறுத்தக் கூடாது என்று கப்பலாட்களுக்கு உத்தரவும் இருந்தது. இதை இரக்கம் என்று கொள்வதற்கில்லை. அதே கப்பலில் அடிமைகள் ஏற்றப்பட்டார்கள் என்பதை நினைக்கவேண்டும். மரம் வேண்டுமென்றால் அம்மக்களின் ஒத்துழைப்பும் வேண்டியிருந்தது.

மதேய்ரா, சாவோ தோமே தீவுகளில் கரும்புத் தோட்டம் போட்டவர்களுக்கு மண்ணின் அருமை தெரியாதா என்று கேட்கலாம். வலுவான கேள்விதான். ஆனால் அத்தீவுகள் ஆளில்லாதவை. அங்கே பேரம் பேச யாரும் இல்லை. மக்கள் வாழ்ந்த கரைகளில் போர்ச்சுக்கீசியர் கைக்கொண்டது பண்டகசாலை முறையே. பிரேசிலை அவர்கள் இந்த இரண்டாம் வகையில் சேர்த்தார்கள். போர்ச்சுக்கலில் ஆள்பலம் குறைவு என்ற காரணமும் சொல்லப்படுகிறது. அது உண்மை. ஆயினும் 1530க்குப் பிறகு மட்டும் ஆள்பலம் திடீரெனப் பெருகிவிடவில்லை. மாறியது வேறொன்று. நார்மண்டிக் கப்பல்கள் அதே துப்பி மக்களிடம் அதே மரத்தை வாங்கத் தொடங்கியிருந்தன. புதிய நிலங்களைப் போர்ச்சுக்கலுக்கும் ஸ்பெயினுக்கும் பிரித்த தோர்தேசிலாஸ் உடன்படிக்கையின் எல்லைக்கோட்டைப் பிரான்ஸ் ஏற்கவில்லை. போர்ச்சுக்கல் அனுப்பிய கிறிஸ்தோவோ ஜாக்கேஸின் காவற்கப்பல்களாலும் நார்மண்டியரின் வணிகத்தை நிறுத்த முடியவில்லை. இரண்டு வணிகர்கள் போட்டியிடும் துறையில் விற்பவர் கை ஓங்கும். நிலத்தில் உட்கார்ந்தால்தான் கரை தங்கும் என்ற முடிவுக்கு லிஸ்பன் அப்போதுதான் வந்தது.

1532இல் சாவோ விசென்தே என்ற குடியேற்றம் எழுந்தது. 1534 முதல் கடற்கரை கேப்டன்சிகள் என்ற நிலப்பகுதிகளாகப் பிரிக்கப்பட்டு, பன்னிரண்டு பேருக்கு வழங்கப்பட்டது. முன்பு உழைப்புக்காகத் தேடப்பட்ட மக்கள் இப்போது கரும்பு வயலுக்கு இடையூறாகவோ, அதில் கட்டாயமாக உழைக்க வேண்டியவர்களாகவோ ஆனார்கள். நிலம் பெற்றவர்கள் ஆண்டுதோறும் குறிப்பிட்ட எண்ணிக்கையில் அவர்களை அடிமைகளாக லிஸ்பனுக்கு அனுப்பலாம் என்ற உரிமையும் சாசனங்களிலேயே எழுதப்பட்டது.