லேஅவுட்டில் 'பார்க்'குக்கு விட்ட இடம் யாருக்குச் சொந்தம்? ஓ.எஸ்.ஆர் நிலம்: வீடு, மனை வாங்குவோர் தெரிந்துகொள்ள வேண்டியவை

மனை விற்கும்போது வரைபடத்தில் பச்சை கலரில் 'பூங்கா' என்று காட்டுகிறார்கள். சில வருஷம் கழித்துப் பார்த்தால் அங்கே ஒரு ஷெட்டோ, கட்டடமோ நிற்கிறது. சில இடங்களில் அதையே மனையாகப் பிரித்து விற்றுவிடுகிறார்கள். இன்னும் சில இடங்களில் கேட் போட்டு, 'வெளியாட்களுக்கு அனுமதி இல்லை' என்று போர்டு வைக்கிறார்கள்.

அந்த இடம் உண்மையில் யாருடையது? சட்டம் என்ன சொல்கிறது?

ஓ.எஸ்.ஆர் நிலம் என்றால் என்ன?

பெரிய மனைப்பிரிவோ, அடுக்குமாடிக் குடியிருப்போ உருவாக்கும்போது, பூங்கா, விளையாட்டுத் திடல் போன்ற பொதுப் பொழுதுபோக்குத் தேவைக்காக ஒரு பகுதியைக் கட்டாயம் ஒதுக்க வேண்டும். இதைத்தான் திறந்தவெளி ஒதுக்கீட்டு நிலம், சுருக்கமாக ஓ.எஸ்.ஆர் என்கிறார்கள்.

எவ்வளவு இடம் விட வேண்டும்?

தமிழ்நாடு ஒருங்கிணைந்த வளர்ச்சி மற்றும் கட்டட விதிகள், 2019 இதற்கு மூன்று நிலைகளை வைத்துள்ளது.

• 3,000 சதுர மீட்டர் வரை (சுமார் 74 சென்ட்): ஒதுக்கத் தேவையில்லை.

• 3,000 முதல் 10,000 சதுர மீட்டர் வரை: சாலைகள் போக மீதியில் 10% இடம் விட வேண்டும். அல்லது அதற்கு ஈடாக வழிகாட்டி மதிப்பின்படி பணம் கட்டலாம்.

• 10,000 சதுர மீட்டருக்கு மேல் (சுமார் இரண்டரை ஏக்கர்): சாலைகள் போக 10% இடம் விட்டே ஆக வேண்டும். பணம் கட்டித் தப்பிக்க முடியாது.

உதாரணமாக, 20,000 சதுர மீட்டர் லேஅவுட்டில் சாலைக்கு 5,000 போனால் மீதி 15,000. அதில் 10% என்றால் 1,500 சதுர மீட்டர். அதாவது சுமார் 37 சென்ட். இன்றைய மனை விலையில் இதன் மதிப்பு என்ன என்று கணக்குப் போட்டாலே, இந்த இடத்தின் மீது ஏன் இத்தனை பேருக்குக் கண் என்பது புரிந்துவிடும்.

அப்போ இடம் யாருக்குச் சொந்தம்?

பில்டருக்கும் இல்லை, அங்கே குடியிருப்பவர்களுக்கும் இல்லை. ஓ.எஸ்.ஆர் இடத்தைப் பதிவு செய்யப்பட்ட தானப் பத்திரம் மூலம் இலவசமாக ஒப்படைக்க வேண்டும். சி.எம்.டி.ஏ அல்லது டி.டி.சி.பி அனுமதியோடு அது மாநகராட்சி, நகராட்சி, ஊராட்சி போன்ற உள்ளாட்சி அமைப்பின் கைக்குப் போய்விடும். அதன் பிறகு அது பொது இடம். பக்கத்துத் தெருப் பிள்ளைகளும் அங்கே விளையாடலாம்.

'எங்க காசுல வாங்குன இடம், வெளியாள் ஏன் வரணும்?' என்று கேட்டெட் கம்யூனிட்டிகளில் கேட்பது உண்டு. இங்கேதான் குழப்பம். குடியிருப்புக்குள் இருக்கும் கிளப் ஹவுஸ், நீச்சல் குளம், உள் தோட்டம் எல்லாம் 'பொதுப் பயன்பாட்டுப் பகுதி'. அது குடியிருப்பவர்களுக்கே உரியது. ஓ.எஸ்.ஆர் அப்படி இல்லை. இரண்டையும் ஒன்றாக நினைக்கக் கூடாது.

நீதிமன்றங்கள் என்ன சொல்லியிருக்கின்றன?

இழப்பீடே தராமல் 10% நிலத்தை வாங்குவது சொத்துரிமைக்கு எதிரானது என்ற வாதம் சென்னை வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் வரை போனது. 2023 பிப்ரவரியில் அந்த வாதத்தை நிராகரித்த நீதிமன்றம், ஓ.எஸ்.ஆர் விதி செல்லும் என்று தீர்ப்பளித்தது.

அதற்கும் முன்னால், 1991-ல் வந்த பெங்களூரு தீர்ப்பு இன்றும் மேற்கோள் காட்டப்படுகிறது. ராஜ்மகால் விலாஸ் விரிவாக்கப் பகுதியில் பூங்காவுக்கு ஒதுக்கிய இடத்தைத் தனியார் மருத்துவமனை கட்டக் கொடுத்தார்கள். குடியிருப்புவாசிகள் வழக்குப் போட்டார்கள். மருத்துவமனையும் நல்ல காரியம்தானே என்ற வாதம் எடுபடவில்லை. பூங்காவுக்கு விட்ட இடத்தை வேறு உபயோகத்துக்கு மாற்றியது செல்லாது என்றும், அதை எதிர்த்து வழக்குப் போட அப்பகுதி மக்களுக்கு உரிமை உண்டு என்றும் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

தமிழ்நாட்டில் பூங்கா, விளையாட்டுத் திடல், திறந்தவெளிகளைப் பாதுகாக்க 1959-லேயே தனிச் சட்டமும் இருக்கிறது.

பிறகும் எப்படிக் கைமாறுகிறது?

பெரும்பாலும் பேப்பரில் விடும் ஓட்டை வழியாகத்தான். தானப் பத்திரம் பதிவானாலும், வருவாய்த்துறை ஆவணத்தில் பழைய உரிமையாளர் பெயரே இருந்தால், அதைக் காட்டி மறுபடியும் விற்கப் பார்ப்பார்கள். வேலி போடாமல், பராமரிக்காமல் விட்டால் ஆக்கிரமிப்பு தொடங்கும்.

வாங்கும் முன் என்ன பார்க்க வேண்டும்?

1. விளம்பர பிரவுச்சரை நம்ப வேண்டாம். சி.எம்.டி.ஏ அல்லது டி.டி.சி.பி முத்திரையுள்ள அங்கீகரிக்கப்பட்ட வரைபடத்தைக் கேளுங்கள். அங்கீகாரம் இல்லாத மனைப்பிரிவில் 'பார்க்' என்பது வெறும் வாய்வார்த்தைதான்.

2. தானப் பத்திரத்தின் எண், தேதி, சர்வே எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். பதிவுத்துறை இணையதளத்தில் வில்லங்கம் போட்டுப் பாருங்கள்.

3. அந்த சர்வே எண் உள்ளாட்சி அமைப்பின் பெயருக்கு மாறியிருக்கிறதா என்று வருவாய்த்துறை ஆவணத்தில் சரிபாருங்கள்.

ஏற்கெனவே பிரச்சினை என்றால் யாரிடம் போவது?

முதலில் உள்ளாட்சி அமைப்புக்கும், அனுமதி கொடுத்த சி.எம்.டி.ஏ அல்லது டி.டி.சி.பி-க்கும் எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுங்கள். வரைபடமும் தானப் பத்திர நகலும் கையில் இல்லையா? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம், பொதுவாக 30 நாளில் பதில் தர வேண்டும். முதலமைச்சரின் உதவி மைய எண் 1100-லும் புகார் செய்யலாம்.

ரெராவில் பதிவான புராஜெக்டில், வாங்கியவர்களில் மூன்றில் இரண்டு பங்கினரின் எழுத்துப்பூர்வ சம்மதம் இல்லாமல் அங்கீகரிக்கப்பட்ட லேஅவுட் திட்டத்தையோ பொதுப் பகுதிகளையோ பில்டர் மாற்ற முடியாது. மீறினால் ரெரா ஆணையத்தில் புகார் செய்யலாம். எதுவும் நடக்கவில்லை என்றால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம்.

ஒன்று மட்டும் முக்கியம்: கட்டடம் எழும்பிய பிறகு இடிக்க வைப்பது பல வருஷ வேலை. அஸ்திவாரம் தோண்டும்போதே போட்டோ எடுத்து, தேதியோடு புகார் கொடுத்து, ஒப்புகைச் சீட்டை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.