ஊர் தெரியாத சோகி

நேயர்களே, தாயம் ஆடியவர்களுக்குச் சோகியை அறிமுகம் செய்ய வேண்டியதில்லை. தமிழகத்தார் சோழி என்பர். சித்த வைத்தியர் பலகறை என்று சொல்லி, நீற்றிப் பற்பமாக்குவர். கைநிறைய அள்ளி உருட்டிவிட்டு மூலையில் வைத்துவிடும் பொருள்தான். ஆயினும் இந்தக் குடும்பத்தில் பிறந்த ஒரு சோகிக்காகச் சேகரிப்பாளர் நூறாண்டுக்கு மேல் ஏங்கியிருந்தனர் என்பதை இன்று சொல்ல விழைகிறேன்.

லண்டனில் பொலிஸ் நீதிமன்ற நீதவானாக இருந்தவர் வில்லியம் ஜோன் புரோடெரிப். சங்கு சிப்பிகளில் தீராத மோகம் கொண்டவர். அவர் 1828இல் ஒரு சோகியை விவரித்து, சிப்ரியா லியூகோடொன் என்று பெயர் சூட்டினார். வெண்பல் என்பது அதன் பொருள். உள்ளங்கையில் அடங்கும் அளவு; பழுப்பு மேனியில் வெளிறிய புள்ளிகள். கவிழ்த்துப் பார்த்தால் நீண்ட வாயின் இருமருங்கும் தடித்த வெண்பற்கள். எக்கடலில் பிறந்ததென்று மட்டும் தெரியவில்லை. எத்தனையோ வழக்குகளைத் தீர்த்தவரால் இதற்குத் தீர்ப்புச் சொல்ல இயலவில்லை!

1837இல் அவருடைய சேகரிப்பைப் பிரித்தானிய நூதனசாலை வாங்கியது. அந்தச் சோகியும் உடன் போயிற்று. பிறகு ஒன்றுமில்லை. கப்பல்கள் உலகைச் சுற்றின. இன்னொரு வெண்பல் அகப்படவில்லை. உலகில் ஒன்றே ஒன்று என்ற புகழ் அதற்கு வந்து சேர்ந்தது.

இந்த வரலாற்றில் என்னை மிகவும் ஈர்ப்பது அடுத்து நடந்ததுதான். 1960இல் இரண்டாவது வெண்பல் வெளிப்பட்டது. கடலிலிருந்து அல்ல, அமெரிக்காவின் ஹாவார்ட் பல்கலைக்கழக நூதனசாலையிலிருந்து! இன்னதென்று அறியப்படாமலே பழைய சேகரிப்பொன்றில் அது கிடந்திருக்கிறது. உலகமெல்லாம் தேடிய பொருள் அலமாரிக்குள் உறங்கியது. அரியது என்று நாம் சொல்வதில் பாதி, நாம் பாராததுதானோ?

அதே தசாப்தத்தில் பிலிப்பைன்ஸ் கடலில் பிடிபட்ட மீனொன்றின் வயிற்றில் மூன்றாவது கிடைத்தது. மனிதனுக்கு எட்டாத ஆழத்தில் மீன் மேய்ந்திருக்கிறது. தென்னாபிரிக்காவின் நேட்டால் கரையிலும் புல்டன் என்னும் அரிய சோகி பலகாலம் மீன் வயிற்றிலிருந்தே கிடைத்து வந்தது. மீன்களே அக்காலத்தில் சிறந்த சேகரிப்பாளர் போலும்.

பிலிப்பைன்ஸ் மீனவர் பின்னர் வலையை ஆழத்தில் இறக்கிக் கடலடியில் கிடக்க விட்டார்கள். ஊர்ந்து வந்த சோகிகள் வலையில் சிக்கின. ஒன்றென்றும் மூன்றென்றும் எண்ணியது போய், எண்ணிக்கை பெருகப் பெருக விலை விழுந்தது. பெருந்தொகை கொடுத்து முன்னதாக வாங்கியவர்களின் மனநிலையை நேயர்களே ஊகித்துக்கொள்ளலாம்.

உயிரோடிருக்கும் சோகி தன் மென்தசையால் ஓட்டை மூடிக்கொள்ளும். மினுமினுப்பு அதனாலேயே வருவது. தன் விலை ஏறியதோ இறங்கியதோ அதற்குத் தெரியாது. புரோடெரிப்பின் அந்த முதற் சோகி லண்டன் சேகரிப்பிலேயே இருக்கிறது. அதை எந்தக் கை எந்தக் கரையில் எடுத்ததென்பதற்கு மட்டும் இன்னும் விடையில்லை.