இதயக் காயத்தின் இரண்டு எண்கள்

ரிவர்ஸ்டன் போயிருக்கீங்களா? மாத்தளையிலிருந்து ரத்தோட்டை வழியாக ஏறுகிற பாதை. மூடுபனி இறங்கினால் முன்னால் போகிற வாகனத்தின் லைட்கூடத் தெரியாது. மேலே தொலைத்தொடர்புக் கோபுரம், ஆளையே தள்ளுகிற காற்று. நம்மில் பலர் போட்டோ எடுக்கப் போன இடம்தான்.

அந்த வளைவொன்றில் ஒரு கார் மண்மேட்டில் மோதுகிறது என்று வைத்துக்கொள்வோம். சாரதியின் நெஞ்சு ஸ்டியரிங்கில் அடிபடுகிறது. வெளியே பெரிய காயம் இருக்காது. ஆனால் நெஞ்செலும்புக்கும் முதுகெலும்புக்கும் நடுவில் இதயம் நசுங்கியிருக்கலாம். ஆஸ்பத்திரியில் ஈசிஜி, ஸ்கேன் எல்லாம் பார்ப்பார்கள். குணமாகித் துண்டு வெட்டியதும் ஆள் வீட்டுக்குப் போவார். அவருடைய டிக்கெட் பதிவறைக்குப் போகும். அங்கேதான் அந்த அடி ஓர் எண்ணாக மாறுகிறது.

இலங்கையில் இதற்குப் பயன்படுவது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 பட்டியல். அதில் இதயக் காயத்தின் எண் எஸ்26. இதயத்தைச் சுற்றியுள்ள உறைக்குள் இரத்தம் தேங்கியிருந்தால் எஸ்26.0. மற்ற இதயக் காயங்களுக்கு எஸ்26.8. விவரமே இல்லையென்றால் எஸ்26.9.

இது பாதிதான். அடி எங்கே பட்டது என்பதை எஸ்26 சொல்லும். எப்படிப் பட்டது என்பதைச் சொல்லாது. அதற்கு இன்னொரு எண் வேண்டும். அசையாப் பொருளில் மோதிய காரில் இருந்தவர் என்றால் வி47. மலைமுகட்டிலிருந்து விழுந்தவர் என்றால் டபிள்யூ15. ஒருவர் துவக்கால் சுட்டதென்றால் பெரும்பாலும் எக்ஸ்95. இதயம் ஒன்றுதான், கதைகள் வேறு வேறு. காயத்தால் இறந்தவரின் அடிப்படை மரண காரணமாக இந்த இரண்டாவது எண்ணைத்தான் எடுக்கவேண்டும் என்பது ஐசிடியின் விதி.

பட்டியலின் வரலாறும் இப்படித்தான் வளர்ந்தது. 1893இல் பிரான்ஸ் நாட்டுப் புள்ளியியலாளர் ஜாக் பெர்தியோன் முன்வைத்தது மரண காரணங்களின் பட்டியல் மட்டுமே. 1948இல் வந்த ஆறாவது திருத்தத்தில்தான் உயிரோடிருப்பவர்களின் நோய்களும் காயங்களும் உள்ளே வந்தன. காயத்தின் தன்மைக்கு ஒரு வரிசை, அதை உண்டாக்கிய சம்பவத்துக்கு இன்னொரு வரிசை என்று அப்போதே பிரித்துவிட்டார்கள்.

அதற்குச் சரியாக நூறு வருடம் முன்பு, 1848இல், மாத்தளையில் பிரிட்டிஷாருக்கு எதிராகக் கிளர்ச்சி வெடித்தது. அதன் தலைவர்களில் ஒருவரான புரன் அப்பு ஆகஸ்ட் 8ஆம் திகதி கண்டியில் சுட்டுக் கொல்லப்பட்டார். ஆட்சியதிகாரத்தின் உத்தரவில் நடக்கும் மரண தண்டனைக்கு இன்றைய பட்டியலில் தனி எண்ணே இருக்கிறது: ஒய்35.5. குண்டு எந்த உறுப்பில் பாய்ந்தாலும் இந்த எண் மாறாது. யார் உத்தரவிட்டது என்பதும் மரணத்தின் காரணம்தான் என்று ஒரு மருத்துவப் பட்டியலே ஒப்புக்கொள்கிறது, பாருங்கள்.

ஆனால் எண்ணே எழுதப்படாதவர்கள்?

2012 நவம்பரில் மாத்தளை ஆஸ்பத்திரி வளவில் கட்டுமான வேலைக்காக மண் தோண்டியபோது மனித எலும்புகள் வந்தன. நீதிமன்ற உத்தரவில் தோண்டத் தோண்ட 150க்கும் மேற்பட்டவர்களின் எச்சங்கள். 1987-89 கிளர்ச்சிக் காலத்தில் காணாமல் போனவர்களாக இருக்கலாம் என்று குடும்பங்கள் வந்து நின்றன. ஆராய்ந்த தொல்லியலாளர்களும் அந்தக் காலத்தையே சுட்டினார்கள். பிறகு வெளிநாட்டு ஆய்வுகூடத்தின் கார்பன் கணிப்பு அதைவிடப் பழைய காலத்தைச் சொன்னது. தகராறு அதோடு தீரவில்லை.

இதயம் மண்ணில் மிஞ்சாது. விலா எலும்பில் பட்டுப் போன குண்டு தடயம் விடலாம். இரண்டு விலாக்களுக்கு நடுவே போனது எலும்பில் எதையும் விடாது. அப்போது மிச்சமிருக்கக்கூடிய சாட்சி கடதாசி மட்டும்தான். உள்நாட்டுக் கிளர்ச்சியில் ஏற்படும் காயங்களுக்கும் ஐசிடியில் இடம் உண்டு: ஒய்36. நோயாளிகளின் காயங்களுக்கு எண் போட்டுக்கொண்டிருந்த ஓர் ஆஸ்பத்திரியின் காலடியிலேயே, ஓர் எண்ணும் இல்லாமல் 150க்கும் மேற்பட்டவர்கள் கிடந்திருக்கிறார்கள். அவர்கள் எந்தக் காலத்து ஆட்களாக இருந்தாலும் இந்த உண்மை மாறாது.

நம் அரச ஆஸ்பத்திரிகளில் ஆட்கள் அனுமதிக்கப்படுவதற்கு முதல் காரணம் காயங்கள் என்று சுகாதார அமைச்சின் ஆண்டறிக்கைகள் வருடக்கணக்காகச் சொல்கின்றன. எப்படி அடிபட்டது என்று டிக்கெட்டில் எழுதாவிட்டால், பதிவறையில் இருப்பவரும் ‘விவரம் தெரியாத விபத்து’ என்று எக்ஸ்59இல்தான் போடமுடியும். அப்படிப் போட்டால் ரிவர்ஸ்டன் பாதையில் எந்த வளைவுக்குத் தடுப்புச்சுவர் வேண்டும் என்று எந்தப் புள்ளிவிவரமும் சொல்லாது. ஒரு வீட்டில் அடிவாங்கிய பெண், ‘வழுக்கி விழுந்தவர்’ ஆகிவிடுவார்.

அதனால் அடுத்தமுறை யாரையாவது தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினால், ‘நெஞ்சில அடிபட்டிருச்சு டொக்டர்’ என்பதோடு நிறுத்தாதீங்க. எங்கே, எதில், எப்படி, யாரால் என்பதையும் சொல்லுங்க. எழுதிவிட்டார்களா என்றும் ஒருதடவை பாருங்க.