முஹ்ஸினின் வக்பும் மெஸ்மரிசமும்

சில வருடங்களுக்கு முன் ஹட்டன் பக்கத் தோட்டப் பாடசாலையொன்றுக்கு மனோவசியக் காட்சி நடத்த ஒருவர் வந்தார். எட்டாம் தர மாணவியொருத்தியை உறங்கவைத்து, பச்சை உருளைக்கிழங்கை ஆப்பிள் என்று தின்னவைத்தார். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். மறுநாள் அவள் பாடசாலைக்கு வரவில்லை. அவளை மேடைக்கு அனுப்பிய ஆசிரியன் நான்தான்.

அந்த உறுத்தலோடு தேடிப் படித்ததுதான் ஹூக்ளிக் கதை. வங்காளத்து ஹாஜி முஹம்மத் முஹ்ஸின் 1806இல் எழுதிவைத்த வக்பின் வருமானத்தில் நடந்தது ஹூக்ளி இமாம்பாரா வைத்தியசாலை. அதன் பொறுப்பில் இருந்தவர் ஸ்கொட்லாந்து டொக்டர் ஜேம்ஸ் எஸ்டெயில். மயக்கமருந்து இல்லாத காலம். கத்தி வைத்தால் நாலுபேர் பிடித்து அமுக்கவேண்டும். 1845 ஏப்ரல் 4ஆம் திகதி, விரைவீக்கத்துக்குச் சிகிச்சை பெற்று வலியில் துடித்த ஒரு கைதிமீது அவர் மெஸ்மரிசத்தைப் பரீட்சித்தார். அதற்குமுன் அதை அவர் கண்ணால் கண்டதுமில்லை, புத்தகத்தில் படித்ததுதான்! கைதி மரத்துப்போனான். பின்னர் உள்ளூர் உதவியாளர்கள் இருட்டறையில் மணிக்கணக்காக நோயாளியின் உடல்மேல் கையசைத்து உறங்கவைக்க, எஸ்டெயில் பெரும் கட்டிகளை அறுத்தெடுத்தார். 1846இல் வெளியான அவரது நூல் வலியற்ற 73 சத்திரசிகிச்சைகளைப் பட்டியலிடுகிறது. விழித்தபின்னும் கட்டி போனதை அறியாதிருந்தவர்கள் பலர்.

அது பெரிய நிவாரணம், மறுப்பதற்கில்லை. ஆனால் படுத்திருந்தவர்கள் கைதிகள், ஏழைகள். வேண்டாம் என்று சொல்ல அவர்களுக்கு வாய் இருந்ததா? வெள்ளைக்கார வைத்தியர்கள் சிலரோ, துரையைத் திருப்திப்படுத்த இவர்கள் வலிக்காததுபோல் நடிக்கிறார்கள் என்றார்கள். தொடை வெட்டுப்பட்டவன் நடிக்கிறானாம்!

அதே 1845இல் ஒரு சிறுவனை வசியம்பண்ணிக் கடத்தியதாக ஹூக்ளியில் வழக்கு வந்தது. அப்படிச் செய்யமுடியுமா என்று காட்ட, எஸ்டெயில் நீதிமன்றத்திலேயே ஆட்களை வசியப்படுத்தி நடக்கவைத்தார். நோவைத் தணித்த கைக்கு அதுவும் முடிந்தது.

1846இல் பொஸ்டனில் ஈதரும், 1847இல் எடின்பரோவில் குளோரோபோமும் வந்தபின் கையசைப்புக்குத் தேவை குறைந்தது. ஜேம்ஸ் பிரெய்ட் 1843இல் ஹிப்னோட்டிசம் என்று பெயர்சூட்டிய கலை, இன்று நோவுக்கும் பயத்துக்கும் துணைச் சிகிச்சை. நடக்காததை நடந்ததாக நினைவில் பதித்துவிடும் ஆபத்தும் அதற்குண்டு.

மூன்றாம் நாள் அந்தப் பிள்ளையின் லயத்துக்குப் போனேன். உருளைக்கிழங்கு என்று தெரிந்தேதான் தின்றாளாம். "ஏன் பிள்ளை, சொல்லியிருக்கலாமே?" என்றேன். அவள் வாய் திறக்கவில்லை. தாய்தான் சொன்னாள்: "நீங்கதானே சேர் போகச் சொன்னீங்க."