தீர்ப்பு எழுதப்படாத வழக்கு

சட்ட வரலாற்றைத் தீர்ப்புகளை வைத்தே எழுதிப் பழகிவிட்டோம். தீர்ப்பே வராத ஒரு வழக்கை நான் இங்கே முன்வைக்கிறேன்.

2001. ராஜஸ்தானில் வறட்சி. அரசுக் கிடங்கில் தானியம் மக்குது, ஜனங்கள் பட்டினி. மக்கள் சிவில் உரிமைக் கழகம் உச்சநீதிமன்றம் போனது. கேள்வி ஒன்றுதான்: உயிர்வாழும் உரிமையில் சோறும் அடக்கமா?

பதிலுக்குப் பதிலாக இடைக்கால ஆணைகள் வந்தன. 2001 நவம்பர் 28 ஆணை, தொடக்கப் பள்ளிகளில் ஆண்டுக்குக் குறைந்தது 200 நாள், 300 கலோரியும் 8 முதல் 12 கிராம் புரதமும் உள்ள சமைத்த உணவு போடச் சொன்னது. 2004 ஆணை சமையல் வேலையில் தலித்துகளுக்கு முன்னுரிமை தந்தது. யார் சமைத்ததை யார் பிள்ளை தின்பது என்ற சாதியின் கேள்விக்குள் நீதிமன்றம் அங்கே கால் வைத்தது.

2013இல் உணவுப் பாதுகாப்புச் சட்டம். 2017இல் மனு முடித்துவைக்கப்பட்டது. சட்டமே வந்தாச்சு, இன்னும் என்ன வழக்கு என்பார்கள். மனு உயிரோடு இருந்தவரை, மீறப்பட்ட ஒவ்வோர் ஆணைக்காகவும் அதே கதவைத் தட்ட முடிந்தது. சட்டத்தை நாடாளுமன்றம் சாதாரணப் பெரும்பான்மையில் திருத்தலாம்; அடிப்படை உரிமையை அப்படித் தொட முடியாது.

அரசின் கீழ்ப்படிதலை வெற்றி என்று மட்டும் வாசிக்க என்னால் முடியவில்லை. கீழ்ப்படிந்ததன் மூலம் அது கேள்வியையும் கோப்போடு சேர்த்துக் கட்டிவிட்டது. முடிச்சை அவிழ்ப்பது இனி நம் வேலை.